தவணைத் தொகையில் மாற்றம் இல்லை: ஒரு வீட்டுக் கடனுடன் ஐந்து ஆண்டுகள்

2025 பிப்ரவரியில் தொடங்கி ஜூனுக்குள் ரிசர்வ் வங்கி, மற்ற வங்கிகளுக்குத் தான் கடன் தரும் வட்டியான ரெப்போ விகிதத்தை 6.50 சதவீதத்திலிருந்து 5.50 சதவீதத்துக்கு இறக்கியது. அதிலிருந்து என்னிடம் வீட்டுக் கடன் பற்றிக் கேட்பவர்கள் கூடிவிட்டார்கள். "அக்கா, நீங்கள் கடன் வாங்கி ஐந்து வருடம் ஆகிறதே, இப்போது வட்டியும் இறங்கிவிட்டது, துணிந்து வாங்கிவிடலாமா?" என்று அலுவலகத்தில் பக்கத்து இருக்கைத் தம்பி கேட்டார். ஆம், இல்லை என்று ஒரே வார்த்தையில் பதில் சொல்ல எனக்கு வரவில்லை. எனவே விரிவாகவே எழுதிவிடுகிறேன்.

யாருக்கு எவ்வளவு கடன் கிடைக்கும், சிபில் மதிப்பெண் எவ்வளவு இருக்க வேண்டும், என்னென்ன ஆவணங்கள் கேட்பார்கள் என்பதையெல்லாம் வங்கிக்காரர்களே வீடு தேடி வந்து சொல்வார்கள். கடன் கைக்கு வந்த பிறகு அது எப்படி நடந்துகொள்கிறது என்பதை யாரும் சொல்வதில்லை. நான் சொல்ல வருவது அதைத்தான்.

முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். நான் வாங்கியது ரெப்போவுடன் இணைந்த மாறும் வட்டிக் கடன். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை வங்கிக்கு வெளியே உள்ள ஓர் அளவுகோலுடன் இணைக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியை அதற்கேற்ப மாற்ற வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பெரும்பாலான வங்கிகள் ரெப்போ விகிதத்தையே அந்த அளவுகோலாக எடுத்துக்கொண்டன. அதற்கு முன்பு 2010 முதல் அடிப்படை வட்டி, 2016 முதல் எம்.சி.எல்.ஆர். என்று வங்கிகள் தங்கள் செலவை வைத்துத் தாமே கணக்கிடும் வேறு முறைகள் இருந்தன. ரிசர்வ் வங்கி வட்டியைக் குறைத்தாலும் வங்கி அதைப் பழைய வாடிக்கையாளருக்குத் தருவதற்குள் மாதங்கள் ஓடிவிடும் என்று அந்தக் காலத்தில் கடன் வாங்கிய உறவினர்கள் புலம்பிக் கேட்டிருக்கிறேன். எனக்கு அந்தக் குறை இல்லை. ஏறினாலும் இறங்கினாலும் உடனுக்குடன் கணக்கில் தெரிகிறது. இந்த ஒரு விஷயத்தில் முறை நேர்மையானது.

என் கோபமெல்லாம் ஒரு குறுஞ்செய்தியின் மீது. 2022 மே 4 அன்று, வழக்கமான கூட்டத் தேதிக்குக் காத்திராமல், ரிசர்வ் வங்கி ரெப்போவை 4 சதவீதத்திலிருந்து 4.40 ஆக்கியது. 2023 பிப்ரவரிக்குள் ஆறு முறை ஏற்றி 6.50 சதவீதத்துக்குக் கொண்டுபோனது. ஒவ்வொரு முறை வட்டி மாறியபோதும் வங்கியிலிருந்து ஒரே அச்சில் செய்தி வரும்: உங்கள் கடனின் வட்டி விகிதம் இவ்வளவாக மாற்றப்பட்டுள்ளது, தவணைத் தொகையில் மாற்றம் இல்லை. படிப்பவருக்கு நிம்மதி தரும் வாசகம். வட்டி ஏறியும் தவணை ஏறவில்லையென்றால் அந்தக் கூடுதல் பணம் எங்கிருந்து வரும் என்பதற்கு அதில் ஓர் எழுத்துகூட இல்லை. தவணைகளின் எண்ணிக்கையிலிருந்துதான் அது வருகிறது.

எண்களோடு பார்த்தால்தான் இதன் கனம் புரியும். என் கடனும் கிட்டத்தட்ட இதே அளவுதான். 2020-ல் 30 லட்சம் ரூபாய், 20 ஆண்டுகள், 7 சதவீத வட்டி. மாதத் தவணை ரூ.23,259. முதல் மாதம் அதில் ரூ.17,500 வட்டிக்கே போய்விடும், அசலில் கழிவது ரூ.5,759 மட்டும். இரண்டு ஆண்டுகளில் மொத்தம் 5.58 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்திருப்பது 1.48 லட்சம்தான். இதில் ஏமாற்று எதுவும் இல்லை. நிலுவைக்குத்தான் வட்டி, தொடக்கத்தில் நிலுவை அதிகம், எனவே வட்டியும் அதிகம். பத்து ஆண்டுகள் முடிந்த பிறகுதான் தவணையில் அசலின் பங்கு பாதியைத் தாண்டும்.

இப்போது இரண்டாம் ஆண்டின் முடிவில், 28.52 லட்சம் நிலுவையும் 216 தவணைகளும் மீதமிருக்கும்போது வட்டி ஏறுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். தவணையை அப்படியே ரூ.23,259-ல் நிறுத்திவிட்டு 8.5 சதவீதத்துக்குக் கணக்குப் போட்டால், 216 இருந்த இடத்தில் 288 தவணைகள் வருகின்றன. ஆறு ஆண்டுகள் கூடுதல். வட்டி இன்னும் ஒரே ஒரு சதவீதம் ஏறி 9.5 ஆனால்? 448 தவணைகள். முப்பத்தேழு ஆண்டுகளுக்கு மேல். முதல் ஒன்றரை சதவீதம் ஆறு ஆண்டுகளைக் கூட்டியது, அடுத்த ஒரு சதவீதம் பதின்மூன்று ஆண்டுகளைக் கூட்டிவிட்டது. காரணம் எளிது. 9.5 சதவீதத்தில் அந்த நிலுவைக்கு ஒரு மாத வட்டியே சுமார் ரூ.22,580. கட்டுகிற 23,259-ல் அசலுக்கு மிஞ்சுவது 680 ரூபாய்தான். இருபத்தெட்டு லட்சம் கடனை மாதம் 680 ரூபாயாகக் கரைக்கத் தொடங்கினால் அது எப்போது முடியும்?

நடைமுறையில் வங்கிகள் 37 ஆண்டுகள் வரை விடுவதில்லை. வயது வரம்பு, அதிகபட்சக் காலம் என்று ஏதோ ஓர் எல்லையில் தவணையை ஏற்றத்தான் செய்வார்கள். ஆனால் அந்த எல்லை வரும்வரை கட்டிய பணமெல்லாம் பெரும்பாலும் வட்டிக்கே போயிருக்கும்.

9.5 சதவீதத்திலும் அதே 216 மாதங்களில் கடனை முடிக்க வேண்டுமென்றால் தவணை எவ்வளவு ஆகியிருக்க வேண்டும்? சுமார் ரூ.27,600. மாதம் 4,350 ரூபாய் போல அதிகம். அப்படிக் கட்டினால் மீதிக் காலத்துக்கு மொத்தம் 59.6 லட்சம். பழைய தவணையையே 448 மாதங்கள் கட்டினால் ஒரு கோடியே நான்கு லட்சம். இரண்டுக்கும் இடையில் 44 லட்சத்துக்கு மேல் வித்தியாசம். 'தவணைத் தொகையில் மாற்றம் இல்லை' என்ற அந்த வாசகத்தின் விலை இது.

செயலியில் மீதமுள்ள தவணைகள் என்ற கட்டத்தைப் பார்த்துவிட்டுத்தான் நான் கிளைக்குப் போனேன். கடன் பிரிவு அதிகாரி பொறுமையானவர். "மேடம், தவணையை ஏற்றினால் பலர் கட்ட முடியாமல் திணறுவார்கள். அதனால்தான் காலத்தை நீட்டுகிறோம்" என்றார். அவர் சொன்னதில் உண்மை இருக்கிறது. விலைவாசியும் ஏறிக்கொண்டிருந்த ஆண்டு அது. அந்த மாதங்களில் தவணை ஏறாததால் மூச்சுவிட்ட குடும்பங்களை எனக்கே தெரியும். ஆனால் என்னிடம் கேட்டிருக்கலாம் அல்லவா? எனக்குக் காலத்தை நீட்ட வேண்டாம், தவணையை ஏற்றுங்கள் என்றேன். ஒரு விண்ணப்பம் எழுதச் சொன்னார்கள். கணக்கிலிருந்து தானாகப் பிடித்தம் செய்யும் பழைய ஒப்புதலில் உச்சவரம்பு போதவில்லை என்று புதிய படிவம் ஒன்றும் தந்தார்கள். கடனைப் பல ஆண்டுகள் நீட்ட என் கையெழுத்து தேவைப்படவில்லை. மாதம் நாலாயிரம் கூடுதலாகக் கட்டி அதைச் சீக்கிரம் முடிக்க மட்டும் இரண்டு தாள்களில் கையெழுத்து. இன்றும் இதை நினைத்தால் எனக்கு ஆறவில்லை.

இந்தக் கோபம் என் ஒருத்தியுடையது அல்ல போலும். 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்ற தேர்வை வாடிக்கையாளருக்குத் தர வேண்டும். தன் கொள்கைப்படி நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பையும் வங்கி தர வேண்டும் என்று அப்போது இருந்தது, 2025 அக்டோபர் முதல் அது வங்கியின் விருப்பம். கட்டும் தவணை வட்டிக்கே போதாமல் நிலுவை வளரும் நிலைக்குப் போகக் கூடாது. இதுவரை வசூலித்த அசல், வட்டி, மீதித் தவணைகள், ஆண்டு வட்டி விகிதம் ஆகியவற்றைக் காலாண்டுதோறும் அறிக்கையாகத் தர வேண்டும். பழைய கடன்களுக்கும் அந்த ஆண்டு டிசம்பர் 31-க்குள் இதை நடைமுறைப்படுத்த வேண்டும். நல்ல விதி, மனதாரச் சொல்கிறேன். ஆனால் தேர்வு இருக்கிறது என்று நாமாகத் தெரிந்துகொண்டு போய்க் கேட்டால்தான் அது பெரும்பாலும் கிடைக்கிறது. எனக்கு வரும் குறுஞ்செய்தி இன்றும் அதே அச்சில்தான் வருகிறது.

இனி நான் எதிர்பாராத மகிழ்ச்சி. தனிநபர்கள் வாங்கும் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. கடன் வாங்கும்போது இதை யாரும் எனக்குப் பெரிதாக எடுத்துச் சொல்லவில்லை. மேலே சொன்ன கணக்கில், 28.52 லட்சம் நிலுவை, 9.5 சதவீதம், ரூ.27,600 தவணை என்ற நிலையில் ஒரே ஒரு லட்சத்தை அசலில் கட்டிப் பாருங்கள். கடைசியிலிருந்து பதினெட்டுத் தவணைகளுக்கு மேல் மறைந்துவிடும். வட்டி மாறாமல் இருந்தால் சுமார் 5.1 லட்சம் ரூபாய் கட்ட வேண்டியதில்லை. போனஸ் வந்ததும் ஒரு தொகையைச் செலுத்திவிட்டு, மறுநாள் கணக்கு அறிக்கையைத் திறந்து மீதித் தவணைகள் குறைந்திருப்பதைப் பார்ப்பதில் இருக்கும் திருப்தியை வேறு எந்த முதலீடும் எனக்குத் தரவில்லை. கட்டும்போது தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று எழுத்தில் கொடுத்துவிடுங்கள். இரண்டும் ஒன்றல்ல.

வட்டி இறங்கும்போதும் இதுவே. 2025-ல் ரெப்போ இறங்கியபோது என் தவணையை மாற்றாமல் விட்டேன், மாதங்கள் குறைந்தன. எந்தப் பழக்கத்தைத் திட்டித் தீர்த்தேனோ அதே பழக்கம் இறங்கும் காலத்தில் நமக்குச் சாதகமாகிறது. இதைச் சொல்லாமல் விட்டால் நியாயமில்லை.

பணவீக்கத்தைச் சொல்லி என்னை மறுப்பவர்களும் உண்டு. இருபது ஆண்டு கழித்துக் கட்டும் 27,000 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது, சம்பளம் ஏற ஏறத் தவணை சிறியதாகிவிடும் என்பார்கள். சரியான வாதம்தான், அதனால் மொத்தத் தொகையை மட்டும் பார்த்துப் பயப்பட வேண்டியதில்லை. ஆனால் வட்டி பணவீக்கத்தைவிட அதிகமாக இருக்கும்வரை நீட்டிக்கப்படும் ஒவ்வோர் ஆண்டும் நமக்கு நஷ்டமே. ஓய்வுபெறும் வயதுக்குப் பிறகும் தவணை நீண்டால், ஏறும் சம்பளம் என்ற பேச்சுக்கே இடமில்லை.

வரிச்சலுகைக்காகக் கடனை வைத்துக்கொள் என்று அறிவுரை சொல்பவர்களிடம் எனக்குப் பொறுமை இல்லை. நாம் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை வரிக்குரிய வருமானத்திலிருந்து கழிக்கலாம் என்பது பழைய வரிமுறையில் மட்டும். புதிய வரிமுறையில் அது கிடையாது. பழைய முறையிலும், 30 சதவீத வரி கட்டுபவருக்கு 2 லட்சம் வட்டியில் மிஞ்சுவது செஸ்ஸோடு சேர்த்து 62,400 ரூபாய். மீதி கையைவிட்டுப் போனதுதான்.

சின்னச் செலவுகளும் உண்டு. பரிசீலனைக் கட்டணம், வழக்கறிஞர் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திர ஒப்படைப்பு ஆவணத்துக்கான முத்திரைத் தீர்வை. ஒருமுறை கொடுத்தால் முடிந்தது. ஆனால் கடனோடு சேர்த்து விற்கும் காப்பீட்டில் கவனம் வேண்டும். ஒரு லட்சம் பிரீமியத்தையும் கடனிலேயே ஏற்றிவிட்டால் 7 சதவீதத்தில் இருபது ஆண்டுகளில் அதற்கு 1.86 லட்சம் கட்டுவீர்கள். காப்பீடு அவசியம்தான், தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடுத்துக்கொள்ளலாம்.

இன்னொரு வருத்தம். ரெப்போவுக்கு மேல் வங்கி சேர்க்கும் ஸ்பிரெட் எனக்கு 3 சதவீதம். இன்று புதிதாக வருபவர்களுக்கு அதே வங்கி அதைவிடக் குறைவாகத் தருகிறது. ஒரு நாள்கூடத் தவறாமல் கட்டிய பழைய வாடிக்கையாளர் அதைப் பெற வேண்டுமென்றால் கட்டணம் செலுத்தி மாற வேண்டும், அல்லது வேறு வங்கிக்குக் கடனைக் கொண்டுபோக வேண்டும். மாறிவிடுகிறேன் என்று எழுதிக் கேட்டால் இறங்கி வருவார்கள். கேட்டுப் பாருங்கள்.

இப்போது தம்பியின் கேள்விக்கு வருகிறேன். வட்டி விகிதம் நியாயமானது. விதிகள் முன்பைவிட நம் பக்கம் இருக்கின்றன. கடன் முடிந்த 30 நாட்களுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தராவிட்டால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பதுகூட 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் இருக்கிறது. முன்கூட்டிக் கட்டும் வசதிக்கு நிகரில்லை. ஆனாலும், இப்போது வாங்க வேண்டாம் என்றுதான் சொல்வேன். இன்னும் இரண்டு ஆண்டு சேமித்து, முன்பணத்தைக் கூட்டி, கடனைச் சிறிதாக்கிக்கொண்டு போங்கள். வட்டி இறங்கியிருக்கும் காலத்தில் கடன் வாங்கிய எனக்கு இரண்டே ஆண்டில் என்ன நடந்தது என்பதைத்தான் மேலே எழுதியிருக்கிறேன்.

இல்லை, வீடு அமைந்துவிட்டது, வாங்கியே தீர வேண்டும் என்றால், 2024 அக்டோபர் 1 முதல் புதிய கடன்களுக்குத் தர வேண்டிய முக்கிய விவர அறிக்கையைக் கேட்டு வாங்கி, எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் சதவீதத்தைப் பாருங்கள். கூடவே, வட்டி இரண்டரை சதவீதம் ஏறினால் இதே காலத்துக்குத் தவணை எவ்வளவு, இதே தவணைக்கு மாதங்கள் எத்தனை என்று இரண்டு எண்களை எழுதித் தரச் சொல்லுங்கள். தர மறுக்கும் கிளையில் கையெழுத்துப் போட வேண்டாம்.