பட்டாச் சிக்கல்: ரிட் மனுவா, உரிமையியல் வழக்கா?

தமிழ்நாட்டில் வட்டாட்சியர் பட்டாவில் செய்த பெயர் மாற்றத்தை எதிர்த்து, 1983ஆம் ஆண்டு பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின்படி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடும், அடுத்து மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வும் செய்யலாம். அதன்பின் நீதிமன்றம்தான், அங்கே எந்த வாசலில் நுழைவது என்பதில்தான் பலர் தவறுகிறார்கள்.

அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின்கீழ் அதிகாரிகளின் உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் தாக்கலாகும் ரிட் மனு, பெரும்பாலும் உத்தரவு பிறந்த விதத்தையே ஆராய்கிறது. கூட்டுப்பட்டாவிலிருந்து ஒருவரின் பெயரை அவருக்கு நோட்டீஸ்கூடத் தராமல் நீக்கியிருந்தால், உத்தரவை ரத்து செய்து மறுவிசாரணைக்குத் திருப்பி அனுப்ப அந்த ஒரு குறையே போதும். ஆனால் மனுதாரர் வென்றது விசாரணையைத்தான், நிலத்தை அல்ல.

நிலம் யாருடையது என்பதே தகராறென்றால் உரிமையியல் (சிவில்) நீதிமன்றமே பொருத்தம். மூலப்பத்திரம், பாகப்பிரிவினைப் பத்திரம், வில்லங்கச் சான்று ஆகியவை சான்றாவணங்களாகக் குறியீடு செய்யப்பட்டு, உயிலில் சாட்சிக் கையெழுத்திட்டவர் கூண்டில் ஏறிக் குறுக்கு விசாரணைக்கு உட்படுவதும், நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர் ஆணையர் நில அளவரோடு சென்று எல்லைக்கல்லைப் பார்த்து அறிக்கை தருவதும் இங்கேதான் நடக்கும். காலம் பிடிக்கும், உண்மைதான். எனினும் பட்டா உரிமை ஆவணமே அல்ல என்று உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கையில், நிலம் இன்னாருடையது என்று அறிவிக்கும் உரிமை விளம்புகைத் தீர்ப்பைப் பெற்று அதன்படி பட்டாவைத் திருத்தக் கோருவதே உறுதியான வழி. விளம்புகை வழக்குக்குக் காலவரம்பு 3 ஆண்டுகள். ரிட் மனுவை நம்பி அதைக் கோட்டைவிடக் கூடாது.