பேப்பர் ஏர் ஃபில்டரா, கழுவிப் போடும் காட்டன் ஃபில்டரா?

தினமும் ஆபீஸ் போய்வரும் பெட்ரோல் காருக்குப் பேப்பர் ஃபில்டரே போதும். ஒரு கிலோ பெட்ரோல் எரிய ஏறக்குறைய 14.7 கிலோ காற்று வேண்டும். அத்தனையும் ஃபில்டர் பேப்பரின் மடிப்புகள் வழியாகத்தான் போகிறது.

வாங்கும்போது ஓரத்து ரப்பரை அழுத்திப் பாருங்கள். அமுங்கி உடனே எழும்பினால் நல்ல சரக்கு. மலிவு டூப்ளிகேட்டில் ரப்பர் விறைப்பாக இருக்கும், மூடி சரியாக உட்காராது, இடுக்கு வழியே தூசி நேரே எஞ்சினுக்குள் போகும். பழையதையும் பக்கத்தில் வைத்து அளவு பார்த்துவிடுங்கள்.

காட்டன் ஃபில்டரைக் கழுவி நிழலில் காயவைத்து, அதற்குரிய எண்ணெயை அளவாகத் தடவ வேண்டும். கூடிப்போனால் காற்றளவு சென்சாரில் படிந்து ஐடில் (வண்டி நிற்கும்போது எஞ்சின் ஓடும் வேகம்) தடுமாறும். மைலேஜ் ஏறும் என்பதெல்லாம் விளம்பரப் பேச்சு.

மாற்றுவது பத்து நிமிட வேலை: கிளிப்பை நெம்பி, ஃபில்டர் பெட்டியின் அடியில் கிடக்கும் மண்ணை ஈரத்துணியால் துடைத்து, புதியதை வைத்து, எல்லாக் கிளிப்பையும் பூட்ட வேண்டும். கம்ப்ரஸரில் ஊதித் திரும்பப் போடும் பழக்கம் வேண்டாம். அந்த அழுத்தத்தில் பேப்பர் கிழிவது கண்ணுக்கே தெரியாது. மண் ரோட்டில் ஓடும் வண்டிக்குக் கையேட்டில் உள்ள கிலோமீட்டர் வரை காத்திருக்காதீர்கள்.