மூன்று கிரிகூ படங்கள்: பிள்ளைகளுக்கு எதை முதலில் போடுவது?

வயிற்றுக்குள் இருந்தபடியே "அம்மா, என்னைப் பெற்றெடு" என்று குரல் கொடுக்கிறவன் கிரிகூ. பிறந்ததும் தொப்புள்கொடியைத் தானே அறுத்துக்கொண்டு, "அப்பா எங்கே?" என்று விசாரிக்க ஆரம்பித்துவிடுவான். மேற்கு ஆப்பிரிக்க நாட்டுக்கதையிலிருந்து இந்தப் பொடியனை எடுத்து அனிமேஷன் படமாக்கியவர் பிரெஞ்சு இயக்குநர் மிஷெல் ஒசெலோ. கினி நாட்டின் கொனாக்ரியில் பிள்ளைப்பருவத்தைக் கழித்தவர். 1998, 2005, 2012 என மூன்று கிரிகூ படங்கள் வந்திருக்கின்றன.

மூன்றில் முழுக்கதை என்று ஒன்று இருப்பது முதல் படத்தில்தான். ஊற்று வற்றிவிட்டது, ஊரில் ஆண்களைக் காணோம். சூனியக்காரி கராபா தின்றுவிட்டாள் என்று எல்லோரும் நம்புகிறார்கள். அவளைக் கண்டு பயப்படுவார்கள், இல்லாவிட்டால் சண்டைக்குப் போவார்கள். கிரிகூ மட்டும் "கராபா ஏன் கெட்டவளாக இருக்கிறாள்?" என்று கேட்டுக்கொண்டே அலைகிறான். பதில் தெரிந்தவர் மலைக்குள் இருக்கும் தாத்தா ஒருவர்தான்.

(முடிவை முன்கூட்டியே அறிய விரும்பாதவர்கள் இந்தப் பத்தியைத் தாண்டிவிடுங்கள்.) அவள் முதுகில் ஒரு நச்சு முள். ஆண்கள் சேர்ந்து அமுக்கிப் பிடித்துக் குத்தியது. அவளுடைய மந்திர சக்தி, ஓயாத வலி இரண்டுக்கும் காரணம் அதுதான். கிரிகூ அவளைக் கொல்வதில்லை, பல்லால் முள்ளைப் பிடுங்குகிறான். பெரியவர்களுக்கு அந்த முள் வேறொன்றாகவும் தெரியும். குழந்தைக்கு அது வெறும் முள்.

இசை செனகலின் யூசு ந்தூர். பேசியிருப்பவர்களில் பலரும் செனகல்காரர்கள். அப்புறம், சிலருக்குச் சங்கடமான விஷயம் ஒன்று: கிராமத்துப் பெண்கள் மேலாடை இல்லாமலும் பிள்ளைகள் பிறந்தமேனியாகவும் நடமாடுவார்கள். அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் இதனால் தயக்கம் வந்தபோது, மார்பை மறைத்து வரைய ஒசெலோ மறுத்துவிட்டார். சரியான முடிவு. ஐந்து நிமிடத்தில் யாருக்கும் அது கண்ணில் படாது.

2005-இல் வந்த படத்தில், போன முறை எல்லாவற்றையும் சொல்லி முடிக்கவில்லை என்று தாத்தா நான்கு கதைகள் சொல்கிறார். தோட்டத்தை நாசமாக்கும் கழுதைப்புலி, ஊர்ப் பெண்கள் செய்த பானைகளைச் சுமக்கும் எருமை, ஒட்டகச்சிவிங்கி, விஷம் குடித்த அம்மாக்கள். இவை எல்லாம் முதல் படத்தின் முடிவுக்கு முன்பு நடப்பவை. அதனால் கராபா திருந்தவும் முடியாது, அவள் ஏன் இப்படி என்ற கேள்விக்கும் இடமில்லை. ஒவ்வொரு கதையிலும் அவள் தொல்லை கொடுப்பாள், இவன் சமாளிப்பான், அவ்வளவுதான். ஆனால் கதைகள் சின்னவை, விலங்குகள் நிறைய. சப்டைட்டில் படிக்கத் தெரியாத வாண்டுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிக் காட்ட இதுதான் சுலபம்.

மூன்றாவதில் ஐந்து கதைகள், தரத்தில் ஏற்ற இறக்கம் உண்டு. இருந்தும் இரண்டாவதை விட எனக்கு இது ஒரு படி மேல், ஏனென்றால் இங்கே ஊர்க்காரர்களின் குறைகளும் வெளியே வருகின்றன. 'நீல அரக்கன்' என்று கிராமமே அலறி ஓடுவது பாலைவனத்தில் வழிதவறி வந்த, துவாரெக் என்ற சஹாரா நாடோடி இனத்துச் சிறுவன் ஒருவனைப் பார்த்து. நீல உடையும் வேறு நிறமும்தான் அவன் செய்த குற்றம். இன்னொன்றில் ஊர் ஊராகப் போய்க் கதை சொல்லும் கிரியோ பெண் ஒருத்தி, 13-ஆம் நூற்றாண்டில் மாலிப் பேரரசை நிறுவிய சுந்தியாத்தா கெய்தாவின் கதையைச் சொல்கிறாள். சிறுவயதில் நடக்கவே முடியாமல் கிடந்தவர் சுந்தியாத்தா. கேட்பவனோ பிறந்த அன்றே ஓடியவன். அந்தப் பொருத்தம் அழகு.

என் வரிசை இது. ஆறு வயதுக்குக் கீழே என்றால் 2005 படத்தில் ஆரம்பிக்கலாம், அம்மாக்கள் மயங்கி விழும் கடைசிக் கதையை மட்டும் பிள்ளையின் மனசைப் பார்த்துப் போடுங்கள். சப்டைட்டில் படிக்கிற வயது என்றால் நேரே 1998 படம். மூன்றாவதை முழுசாகப் பார்த்தே ஆக வேண்டியதில்லை. துவாரெக் சிறுவன், கிரியோ பெண் இருவரும் வரும் கதைகள் போதும்.