ஒரு தளத்தை மட்டும் மறக்கடிக்கலாம்: ஃபயர்பாக்ஸ் ஹிஸ்டரியுடன் பல வருட அனுபவம்

ஃபயர்பாக்ஸ் பிரவுசரில் எனக்கு ரொம்பப் பிடித்தது எது என்று கேட்டால் வேகத்தையோ எக்ஸ்டென்ஷன்களையோ சொல்ல மாட்டேன். ஹிஸ்டரியில், அதாவது பார்த்த பக்கங்களின் பட்டியலில், ஒரு பக்கத்தின் மேல் ரைட் கிளிக் செய்தால் வரும் 'ஃபர்கெட் அபவுட் திஸ் சைட்' என்ற ஒற்றை வரியைத்தான் சொல்வேன். அந்த வரிக்காகவே வீட்டுக் கம்ப்யூட்டரில் பல வருடங்களாக வேறு பிரவுசருக்குப் போகாமல் இருக்கிறேன்.

இதை இப்போது எழுதக் காரணம் ஒரு தோழியின் கேள்வி. குழந்தைப்பேறு சிகிச்சை பற்றி நிறையத் தேடிக்கொண்டிருக்கிறாள். மாமனார், மாமியார், கொழுந்தன் எல்லோருக்கும் பொதுவாக ஹாலில் ஒரே கம்ப்யூட்டர். யாராவது அட்ரஸ் பாரில் முதல் எழுத்தைத் தட்டினாலே அவள் தேடியது கீழே வந்து வரிசையாக நிற்கிறது. "ஃபயர்பாக்ஸுக்கு மாறினா இது நின்னுடுமா?" என்று கேட்டாள்.

இப்படிக் கேட்பவர்களுக்கு எல்லோரும் சொல்லும் பதில் ஒன்றுதான்: கண்ட்ரோல், ஷிஃப்ட், டெலீட் மூன்றையும் சேர்த்து அமுக்கி மொத்தத்தையும் அழித்துவிடு. எனக்கு இந்த யோசனை ஒருநாளும் ஒப்பவில்லை. எப்போதோ படித்த ஒரு கட்டுரையை, தலைப்பில் இருந்த ஒரு சொல்லை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டு என் ஹிஸ்டரியில்தான் தேடிப் பிடிக்கிறேன். குரோம் 90 நாளுக்கு முந்தையதைத் தானாகவே அழித்துவிடும். ஃபயர்பாக்ஸ் அப்படி நாள் கணக்கு வைத்து அழிப்பதில்லை, கம்ப்யூட்டரின் திறனைப் பொறுத்துப் பழையதையும் வைத்திருக்கும். நாலு பக்கத்தை மறைப்பதற்காக இத்தனையையும் நான் ஏன் இழக்க வேண்டும்? அதோடு, பொதுக் கம்ப்யூட்டரில் ஹிஸ்டரி திடீரென்று துடைத்துவிட்ட மாதிரி காலியாகக் கிடந்தால் வீட்டில் அதுவே ஒரு கேள்வியாகிவிடும்.

இங்கேதான் அந்த வரி கைகொடுக்கிறது. கண்ட்ரோல், ஷிஃப்ட், எச் அமுக்கினால் ஹிஸ்டரி தனி ஜன்னலாகத் திறக்கும். ஒரு மருத்துவமனைத் தளத்தின் ஏதாவது ஒரு பக்கத்தைப் பிடித்து மறக்கச் சொன்னால், அந்தத் தளத்தில் பார்த்த எல்லாப் பக்கங்களும், அதன் குக்கீயும் (நம்மை அடையாளம் கண்டுகொள்ளத் தளம் வைக்கும் சிறு குறிப்பு), கேஷும் (சீக்கிரம் திறப்பதற்காக எடுத்து வைத்த பிரதி) சேர்ந்து போய்விடும். மற்றதெல்லாம் அப்படியே இருக்கும். புக்மார்க்கும் பாஸ்வேர்டும் மட்டும் அழியாது, செய்வதற்கு முன்பு அதையும் சொல்லிவிட்டுத்தான் செய்யும். முதல்முறை பார்த்தபோது இப்படி ஒன்றை யோசித்துச் செய்தவர்கள் மேல் உண்மையாகவே மரியாதை வந்தது.

2014 நவம்பரில் 33.1 பதிப்போடு வந்த 'ஃபர்கெட்' பட்டன் வேறு. கடைசி ஐந்து நிமிடம், இரண்டு மணி நேரம், 24 மணி நேரம் என்று நேரத்தை வைத்து அழிப்பது அது. அழிக்கும்போது திறந்திருக்கும் டேப் எல்லாவற்றையும் மூடிவிடும். எனக்கு அது தேவைப்படவில்லை.

சரி, இனி குறை. தளத்தை மறக்கச் சொல்லலாம், ஆனால் தேடிய சொல்லை மறக்கச் சொல்ல அப்படி ஒரே கிளிக் கிடையாது. கூகுளில் தேடியது ஹிஸ்டரியில் கூகுள் பக்கமாகத்தான் பதிவாகும். கூகுளையே மறக்கச் சொன்னால் மற்ற தேடல்களும் போய், கணக்கிலிருந்தும் வெளியே வந்துவிடுவோம். அதனால் அந்தச் சொல்லை ஹிஸ்டரி ஜன்னலில் இருக்கும் பெட்டியில் தேடி, வந்ததை மொத்தமாகத் தேர்ந்தெடுத்து அழிக்க வேண்டும். அப்புறமும் வேலை முடிந்துவிடவில்லை. பார்த்த பக்கங்கள் ஒரு கோப்பிலும், பிரவுசரின் தேடல் கட்டத்தில் தட்டிய சொற்கள் இன்னொரு கோப்பிலும் தனித்தனியாக இருக்கின்றன. பக்கத்தை அழித்த பிறகும் அந்தச் சொல் அட்ரஸ் பாரின் கீழே பழைய தேடலாக வந்து நிற்கக் காரணம் இதுதான். அம்புக்குறி விசையால் அந்த வரிக்குப் போய் ஷிஃப்ட், டெலீட் அமுக்கினால் போகும். இது தெரியாமல், அழித்துவிட்டோம் என்று நிம்மதியாக எழுந்து போகிறவர்களை நினைத்தால் எனக்குக் கோபமே வருகிறது. மறைக்க நினைப்பதே அந்தச் சொல்லைத்தான்.

பிரைவேட் ஜன்னலில் தேடினால் இந்த வேலையெல்லாம் மிச்சம். மூடியதும் ஹிஸ்டரியும் குக்கீயும் போய்விடும், டவுன்லோட் செய்த கோப்பு மட்டும், அதை அழிக்காவிட்டால், ஃபோல்டரில் கிடக்கும். பரிசோதனை ரிப்போர்ட்டை இறக்கி வைப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். ஆனால் பிரைவேட் என்பது அந்தக் கம்ப்யூட்டருக்குள் மட்டும்தான். குரோமின் பிரைவேட் ஜன்னலான இன்காக்னிட்டோவில் இருந்தவர்களின் தகவலையும் திரட்டியதாக அமெரிக்காவில் 2020-இல் கூகுள் மேல் வழக்குப் போட்டார்கள். 2024-இல் சமரசமாகி, திரட்டிய பதிவுகளை அழிக்க கூகுள் ஒப்புக்கொண்டது.

கூகுள் கணக்கோடு தேடியதெல்லாம் அந்தக் கணக்கின் 'மை ஆக்டிவிட்டி' என்ற பக்கத்திலும் இருக்கும். பிரவுசரில் அழிப்பது அதைத் தொடவே தொடாது. 3, 18, 36 மாதத்தில் தானாக அழிய வைக்கலாம். 2020 ஜூனுக்குப் பிறகு தொடங்கிய கணக்குகளுக்கு 18 மாதம் என்பது தானாகவே அமைந்திருக்கும், பழைய கணக்கு வைத்திருப்பவர்கள் உள்ளே போய்த் தாங்களேதான் மாற்ற வேண்டும். நான் மூன்று மாதம் வைத்திருக்கிறேன்.

இவ்வளவு புகழ்ந்த பிறகும் தோழிக்கு ஃபயர்பாக்ஸை நான் சொல்லவில்லை. சிகிச்சையோடு இந்த வேலையையும் அவள் தினமும் உட்கார்ந்து செய்ய வேண்டுமா? விண்டோஸில் உனக்கென்று தனி யூசர் கணக்கு போட்டுக்கொள், பாஸ்வேர்டு வை, எழுந்திருக்கும்போது விண்டோஸ் விசையையும் 'எல்' (L) எழுத்தையும் அமுக்கிப் பூட்டிவிடு என்றேன். செட்டிங்ஸில் அக்கவுண்ட்ஸ், அதர் யூசர்ஸ் என்று போனால் மைக்ரோசாஃப்ட் கணக்கு இல்லாமலே உருவாக்கலாம். அப்போது எந்தப் பிரவுசராக இருந்தாலும் ஹிஸ்டரி தனியாகிவிடும். கம்ப்யூட்டரின் அட்மின் கணக்கு, அதாவது முழு அதிகாரம் உள்ள கணக்கு, யார் கையில் இருக்கிறதோ அவரால் மற்றவர்களின் ஃபோல்டரைத் திறக்க முடியும் என்பதையும் சொன்னேன். அவள் வீட்டில் அது அவள் கணவரிடம் இருக்கிறது, அவருக்கு எல்லாம் தெரியும்.

தளத்துக்கு இருக்கும் அந்த ஒரு வரி, தேடிய சொல்லுக்கும் வர வேண்டும். அதுவரை நண்பர்கள் கேட்டால் ஃபயர்பாக்ஸைப் பரிந்துரைக்க எனக்கு மனம் வராது. நான் மட்டும் அதை விட்டுப் போக மாட்டேன்.