மிஷேல் சுபோர்: இரண்டு புளூ-ரே தட்டுகளில் ஒரு நடிகர்

பிரெஞ்சு சினிமாவில் தோய்ந்தவர்களிடம்கூட மிஷேல் சுபோர் என்ற பெயரைச் சொன்னால், உடனே ஒரு முகம் நினைவுக்கு வருவது அரிது. ழான் லுக் கோதாரின் 'லெ பெத்தி சோல்தா', க்ளேர் தெனியின் 'போ த்ரவாய்' ஆகிய படங்களை, சிறந்த படங்களைத் தட்டுகளாக வெளியிடும் கிரைட்டீரியன் நிறுவனம் 2020ஆம் ஆண்டில் தனித்தனிப் புளூ-ரே தட்டுகளாக வெளியிட்டது. இவற்றைப் பெரும்பாலோர் இயக்குநர்களுக்காகவே வாங்குவார்கள். சுபோருக்காகவும் வாங்கலாம், அதே வரிசையில் அடுத்தடுத்துப் பார்த்தால் அவர் எத்தகைய நடிகர் என்பது விளங்கும்.

1960இல் ஜெனிவாவில் எடுக்கப்பட்ட 'லெ பெத்தி சோல்தா', பிரெஞ்சு ஆட்சிக்கு எதிரான அல்ஜீரிய விடுதலைப் போரைப் பேசியதால் தடைசெய்யப்பட்டு 1963இல்தான் திரைக்கு வந்தது. ராணுவத்திலிருந்து தப்பியோடி, பிரெஞ்சு உளவுக் குழுவிடம் சிக்கிக்கொள்ளும் புரூனோ ஃபொரெஸ்தியே என்ற இளைஞனாக சுபோர் நடித்திருக்கிறார். குளியலறையில் நடக்கும் சித்திரவதையின்போது, விலங்கிட்ட அவருடைய விரல்களைத் தீக்குச்சியால் சுடுகிறார்கள். காட்சியின் மேல் ஒலிக்கும் அவர் குரலோ, வேறு யாருக்கோ நேர்ந்ததைச் சொல்வதுபோலச் சீராகச் செல்கிறது. பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோவின் 'ஜூல் எ ஜிம்' (1962) படத்தில் கதைசொல்லியாக நாம் கேட்பதும் இதே குரல்தான் என்பது பலருக்குத் தெரியாது.

ஹிட்ச்காக்கின் 'டோபஸ்' (1969) படத்தில் கிடைத்த துணை வேடம் உட்பட, பிந்தைய வாய்ப்புகள் எவையும் அவரை நட்சத்திரமாக்கவில்லை.

1999இல் வெளிவந்த 'போ த்ரவாய்' படத்தில், ஆப்பிரிக்க நாடான ஜிபூத்தியில் முகாமிட்டிருக்கும் பிரெஞ்சு அயல்நாட்டுப் படையணியின் தளபதியாக, அதே ஃபொரெஸ்தியே என்ற பெயருடன் அவரைத் திரும்ப அழைத்துவந்தார் தெனி. அல்ஜீரியப் போர்க்காலத்து வதந்தி ஒன்று இவரைத் தொடர்வதாகப் படம் சொல்லும்போது, முந்தைய படத்தின் இளைஞன் தளபதியின் முகத்துக்குள் தெரிகிறான். பச்சிளங்குழந்தையாக மாடிப்படியருகே கண்டெடுக்கப்பட்டவன் தான் என்று ஒரு சிப்பாய் சொல்ல, நல்ல கண்டெடுப்புதான் என்று தளபதி பதிலளிக்கும் இடத்தில், சுபோரின் முகத்தில் பரிவும் ஆசையும் களைப்பும் ஒருசேரப் படர்கின்றன. ஒளிப்பதிவாளர் அன்யெஸ் கோதார் (இயக்குநர் கோதாருக்கு உறவினர் அல்லர்) மேற்பார்வையிட்ட 4கே மீட்டுருவாக்கத்தில், இத்தகைய நுண்ணிய மாற்றங்கள் தெளிவாகத் தெரிகின்றன.

கூடுதல் பகுதிகளில்தான் குறை. தெனி லவான், கிரெகுவார் கொலேன் ஆகிய நடிகர்களின் நேர்காணல்கள் 'போ த்ரவாய்' தட்டில் உண்டு. அப்போது உயிரோடிருந்த சுபோருக்கு இடமில்லை. 2022இல் அவர் மறைந்துவிட்டதால், அந்த இழப்பை இனி ஈடுசெய்யவும் முடியாது. 'லெ பெத்தி சோல்தா' தட்டில் இடம்பெற்றுள்ள அவருடைய 1963ஆம் ஆண்டு நேர்காணல் இதனாலேயே மிக முக்கியமானது. ஒரு தட்டு மட்டுமே வாங்க இயலுமெனில், அதையே வாங்கச் சொல்வேன்.

இவற்றைப் பார்த்து முடித்தவர்கள், தெனியின் 'லான்த்ரூஸ்' (2004) படத்தையும் தேடிப் பார்க்க வேண்டும். இதயமாற்று அறுவைக்குப் பின் மகனைத் தேடிப் பசிபிக் தீவான தாஹித்திவரை செல்லும் முதியவராக, அறுபது வயதைக் கடந்தபின் முழுப் படத்தையும் சுபோர் தாங்குகிறார். 1960களில் பொலினீசியாவில் போல் கெகோஃப் எடுத்த ஒரு படத்திலிருந்து, இளவயது சுபோரின் காட்சிகளைத் தெனி இதில் சேர்த்திருக்கிறார்.