குரல்களே சாட்சி: ‘தே ஷல் நாட் குரோ ஓல்ட்’

முதல் உலகப் போரின் மேற்குப் போர்முனையில் நின்ற பிரிட்டிஷ் காலாட்படையினரின் அனுபவத்தை, வரலாற்றாசிரியரின் விளக்கவுரை ஏதுமின்றி, பல பத்தாண்டுகளுக்குப் பின் பதிவான அவர்களுடைய குரல்களாலேயே சொல்லிச் செல்கிறது, பீட்டர் ஜாக்சன் 2018இல் இயக்கிய இந்த ஆவணப்படம். இம்பீரியல் போர் அருங்காட்சியகம் காத்துவைத்த படச்சுருள்கள், கையால் சுழற்றும் கேமராக்களில் சீரற்ற வேகத்தில் பதிவானவை. அவற்றின் ஓட்டம் நொடிக்கு 24 சட்டகங்களாகச் சீராக்கப்பட்டதும், பொம்மைகளைப் போல் விரைந்தோடிய உருவங்கள், தேநீர் அருந்தியபடி கேமராவைக் கூச்சத்தோடு பார்க்கும் இளைஞர்களாகி நம் முன் நிற்கிறார்கள். உதட்டசைவைப் படித்தறிபவர்களின் துணையோடு அவர்கள் பேசிய சொற்களும் மீட்கப்பட்டிருக்கின்றன. பதுங்குகுழியின் பேனையும் சேற்றையும் அழுகிய பாதங்களையும் பற்றி முதியவர்கள் பதற்றமின்றிப் பேசுவது நெடுநேரம் என் மனத்தை விட்டு அகலவில்லை.

பின்னர் ஏற்றப்பட்ட வண்ணம் எவ்வளவு அழகாயினும் அது ஊகமே என்பதை மறக்கலாகாது. தாக்குதலின் உச்சத்தைக் காட்டும் காட்சிகள் கிடைக்காத இடத்தில் அக்காலப் பத்திரிகைச் சித்திரங்களைப் பயன்படுத்தியது நேர்மையான முடிவு. ஆனால் எந்தக் குரல் யாருடையது, எந்தக் களத்தைப் பற்றியது என்று படத்தின் போக்கில் சுட்டப்படாதது வரலாற்று மாணவருக்குப் பெருங்குறை. அதைவிட, கடல்கடந்து சென்று அப்போரில் பணியாற்றிய 10 லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியரின் அனுபவத்துக்கு இதில் ஏறத்தாழ இடமே இல்லை என்பது என்னை வருத்துகிறது.