கைத்தடிக்கு அடி ரப்பர்: அளக்காமல் விற்கும் கடையில் வாங்காதீர்கள்

சிங்கப்பூரில் தேக்கா பக்கம் ஒரு கடையில் முதியவர் ஒருவருக்கு, "எல்லாத் தடிக்கும் இதுதான்" என்று 22 மில்லிமீட்டர் அடி ரப்பரை விற்றிருக்கிறார்கள். அவருடைய அலுமினியத் தடியின் குழாயோ 19 மில்லிமீட்டர். ஆடுகிறதே என்றதும் குழாயில் டேப்பைச் சுற்றி மாட்டிக் கொடுத்திருக்கிறார்கள். சில வாரங்களிலேயே டேப் நழுவி, குழாயின் விளிம்பு அடியைத் துளைத்து வெளியே வந்துவிட்டது. மாற்றித் தரக் கேட்டபோது, "ரப்பர்னா தேயத்தான் செய்யும்" என்று அனுப்பிவிட்டார்கள்.

இது தேய்மானமே இல்லை. நல்ல அடி ரப்பருக்குள் ஓர் இரும்பு வாஷர், அதாவது வட்டத் தகடு, இருக்கும். உடல் எடையைத் தாங்கும் குழாய் ரப்பரை அறுக்காமல் காப்பது அதுதான். இதில் அது இல்லை. பொருளும் விறைப்பான பிளாஸ்டிக். கட்டைவிரலால் விளிம்பை அழுத்திப் பாருங்கள்: ரப்பர் அமுங்கி மீளும், இது அசையாது. மழை நாளில் அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்திலும், மீன் கழுவிய தண்ணீர் ஓடும் ஈரச்சந்தையிலும் இதை நம்பிக் காலெடுத்து வைக்க முடியாது.

பழைய ரப்பரைக் கழற்றிவிட்டுக் குழாயின் வெளி விட்டத்தை அளந்துகொண்டு கடைக்குப் போங்கள். அளவுகோல் மட்டும்தான் இருக்கிறதா? குழாயில் நூலைச் சுற்றி நீளத்தை அளங்கள். நூல் 50 மில்லிமீட்டர் வந்தால் விட்டம் 16, 60 வந்தால் 19, 69 வந்தால் 22. பழைய ரப்பரின் வாயை அளக்க வேண்டாம், அது விரிந்திருக்கும்.

மாட்டும்போது உள்ளே தண்ணீர் மட்டும் தொட்டு, திருகியபடி குழாய் வாஷரில் முட்டும்வரை அழுத்துங்கள். எண்ணெய் வேண்டவே வேண்டாம். ரப்பர் ஊறித் தளர்ந்துவிடும். பசையும் வேண்டாம், அடுத்த முறை கழற்ற முடியாது. காய்ந்தபின் இழுத்துப் பாருங்கள், வரக்கூடாது. நான்கு கால் தடி என்றால் நான்கையும் ஒன்றாக மாற்றுங்கள். ஒன்றை மட்டும் மாற்றினால் தடி ஆடும்.

அடியில் உள்ள வளையக் கோடுகள் மறைந்தாலோ, ஒரு பக்கம் சாய்வாகத் தேய்ந்தாலோ, கழுத்தில் வெடிப்பு தெரிந்தாலோ உடனே மாற்ற வேண்டும். கோட்டிடுக்கில் சேரும் மண்ணை வாரம் ஒருமுறை சோப்புத் தண்ணீரில் தேய்த்துக் கழுவுங்கள். வெயில் படும் நடைபாதையில் தடியைச் சாய்த்து வைத்தால் ரப்பர் சீக்கிரம் இறுகிவிடும்.

ரசீதில் அளவையும் ரப்பர் என்பதையும் எழுதி வாங்குங்கள். சொன்னதற்கு மாறான பொருளை விற்றால், குறையுள்ள பொருளை வாங்கியவரைக் காக்க 2012 செப்டம்பரில் நடப்புக்கு வந்த லெமன் சட்டத்தின்கீழ் மாற்றித் தரக் கேட்கலாம். கடை மறுத்தால் ரசீதோடும் அந்த ரப்பரோடும் சிங்கப்பூர்ப் பயனீட்டாளர் சங்கத்தை நாடுங்கள்.